பைலகுப்பேக்குப் போன வெளிநாட்டுக்காரி

தூரமாப் போனதெண்டா ஒருக்காத்தான், பிள்ளை. கேட்டுப்போட்டீங்கள், சொல்லுறன். அந்தப் போன்ல பதியிறதை மட்டும் நிப்பாட்டிப்போட்டுக் கேளுங்கோ. பயமெண்டில்லை. என்ர குரலைப் பேந்து கேட்டா எனக்கே பிடிக்காது, அதுதான். தேத்தண்ணியைக் குடியுங்கோ, ஆறிப்போகும்.

நான் சத்தியமங்கலத்தில ஒரு தையல் கொம்பனியில வேலை. கொம்பனி எண்டா பெரிசா நினைக்காதேங்கோ. ஒரு வீட்டு மாடி, நைட்டியும் பாவாடையும் தைக்கிறது. எல்லாம் பொம்பிளையள். முதலாளியம்மா கோமதி அக்கா. நல்ல மனுசி. ஆனா நான் அகதி முகாம் ஆள் எண்டு அங்க ஆருக்கும் சொல்லேல்லை. ஊர் எது எண்டு கேட்டதுக்கு ராமேஸ்வரம் எண்டு சொன்னனான். அது பொய்யுமில்லை. சின்னப் பிள்ளையா வள்ளத்தில வந்து இறங்கினது அங்கதானே.

ஏன் சொல்லேல்லை எண்டு கேக்காதேங்கோ. முதல் வேலை செய்த இடத்தில சொன்னனான். அங்க ஒரு கத்தரிக்கோல் காணாமப் போனாலும் முதல்ல என்ர பையைத்தான் பாப்பினம். அதுக்குப் பிறகு வாயைக் கட்டிப்போட்டன். காலமை பஸ் ஏறேக்க ஒரு வாய், பின்னேரம் முகாம் கேற்றுக்குள்ள வரேக்க இன்னொரு வாய். அங்க 'கதைக்கிறது' இல்லை, 'பேசறது'. 'ஓம்' இல்லை, 'ஆமா'. எனக்கு உங்கட தமிழ் நல்லா வரும். ஆரும் கண்டுபிடிக்கேலாது. அப்பிடித்தான் நினைச்சுக்கொண்டிருந்தன்.

அப்ப கோமதி அக்காவுக்கு ஒரு ஆசை வந்திட்டுது. எல்லாரையும் டூர் கூட்டிக்கொண்டு போகோணும் எண்டு. அவவின்ர அண்ணன் மைசூர்ல இருக்கிறார். சனிக்கிழமை போய் அங்க படுத்துப்போட்டு, ஞாயிறு ஒரு டூர் வேனில பைலகுப்பே. திபெத்துக்காரர் இருக்கிற இடம். பெரிய தங்கப் புத்தர் கோயில் இருக்காம், அவையின்ர வீட்டிலயே சாப்பாடாம், கைட் ஒருத்தர் எல்லாம் விளங்கப்படுத்துவாராம்.

நான் வரேல்லை எண்டன். "ஏன் அம்மிணி, எல்லாரும் வர்றாங்க, நீ மட்டும் என்ன?" எண்டு கோமதி அக்கா விடேல்லை. நான் அனுமதி எடுக்காம முகாமை விட்டு வேற மாநிலம் போகேலாது, பிள்ளை. அனுமதி கேட்டா எங்க, ஆரோட, என்னத்துக்கு எண்டு கேப்பினம். கோமதி அக்காவைக் கூப்பிட்டுக் கேட்டாலும் கேப்பினம். கேட்டா எல்லாம் தெரிஞ்சு போகும். அதால ஒருத்தருக்கும் சொல்லாமப் போயிட்டன். என்ர மனிசன் பெயின்ற் வேலைக்குத் திருப்பூர் போயிருந்தார். மகள் தர்சிகா நர்சிங் படிக்கிறா, கோயம்புத்தூர்ல விடுதி. அவளுக்கு மட்டும் போன்ல சொன்னன். "அம்மா, செக்கிங் வந்தா என்ன செய்வீங்கள்?" எண்டாள். செக்கிங் எண்டா முகாமில எல்லாரும் இருக்கிறமோ எண்டு வந்து ஆள் பாக்கிறது. இல்லாட்டிப் பேரை வெட்டுவினம். என்ர பேரை வெட்டினா அவளின்ர படிப்பும் போயிடுமோ எண்டு திம்பம் மலை ஏறி முடியுமட்டும் அதேதான் யோசனை. மற்றவை வளைவுக்கு வளைவு கூச்சல் போட்டுச் சிரிக்கினம். நானும் சிரிச்சன்.

ஞாயிறு காலமை மைசூர்ல வேன் ஏறினம். கைட்டின்ர பேர் பிரதாப். மைசூர்ப் பெடியன், ஆனா தமிழ் நல்லாப் பேசுவான். மைக்கைப் பிடிச்சுக்கொண்டு, "இன்னிக்கு நாம பார்க்கப் போறது ஒரு அகதி சமூகத்தோட பண்பாடு" எண்டான். வளர்மதி எண்டு ஒருத்தி எனக்குப் பக்கத்து மெசின். அவள் கேக்கிறாள், "அகதின்னா அவங்க கூடாரத்துலதான இருப்பாங்க?" "இல்ல மேடம், வீடெல்லாம் இருக்கு, வயல் இருக்கு, நீங்களே பார்ப்பீங்க." "அப்ப நம்மள விட நல்லாத்தான் இருக்காங்க போல." எல்லாரும் சிரிச்சவை. நான் யன்னலுக்கு வெளியில சோளத்தைப் பாத்துக்கொண்டிருந்தன்.

குடியிருப்புத் தொடங்கிற இடத்தில ரோட்டோரமா ஒரு பலகை. இங்கிலீசிலயும் கன்னடத்திலயும் எழுதிக் கிடக்கு. வேன் மெதுவாப் போகேக்க பிரதாப் அதைக் காட்டிச் சொல்லுறான், "இது பாதுகாக்கப்பட்ட பகுதி. வெளிநாட்டுக்காரங்க தனி அனுமதி இல்லாம இங்க தங்கினா கேஸ் ஆயிடும். நமக்குக் கவலையில்ல, நாம எல்லாரும் இந்தியா." வேன் முழுக்கச் சிரிப்பு. ஆரோ கையும் தட்டிச்சினம்.

எனக்குக் கால் குளிர்ந்திட்டுது, பிள்ளை. வெளிநாட்டுக்காரர் எண்டா நான் எப்பவும் வெள்ளைக்காரரைத்தான் நினைக்கிறது. அண்டைக்குத்தான் அந்தப் பலகை எனக்கும் எழுதினது எண்டு விளங்கிச்சுது. முகாம் அனுமதியும் இல்லை, இந்த அனுமதியும் இல்லை. தங்கினாத்தான் கேஸ் எண்டு அவன் சொன்னது என்ர காதில ஏறேல்லை. கேஸ் எண்டது மட்டும் ஏறிச்சுது. என்ர ஆதார் கார்டு கைப்பைக்குள்ள. அதின்ர அட்ரஸில 'இலங்கை அகதிகள் முகாம்' எண்டு அச்சில கிடக்கு. இறங்கேக்க அதை எடுத்து நெஞ்சுச் சட்டைக்குள்ள வைச்சன். இறங்காம வேனுக்குள்ளயே இருப்பம் எண்டும் பாத்தன். "தலை வலிக்குது அக்கா" எண்டன். "காத்தாட நடந்தா சரியாயிடும் வா" எண்டு கோமதி அக்கா கையைப் பிடிச்சு இறக்கிப்போட்டா.

கோயில் வடிவுதான். பொய் சொல்லக் கூடாது. ஆனா உள்ளுக்க போனா மூண்டு புத்தர், கூரை முட்ட, தங்கமா மினுங்கிக்கொண்டு. உங்களுக்குப் புத்தர் எண்டா சாந்தம். பிரதாப்பும் மைக்கில்லாமலே அதைத்தான் சொல்லிக்கொண்டு வந்தவன், சாந்தம், கருணை எண்டு. எங்கட மன்னார்ப் பக்கத்தில ஆமிக்காரன் காவல் நிக்கிற இடத்தில ஒரு அரசமரம் நிண்டா அதுக்குக் கீழ ஒரு சின்னப் புத்தரும் இருப்பார். புத்தரைக் கண்டா அம்மா என்ர கையை இறுக்கிப் பிடிப்பா. சைக்கிளை விட்டு இறங்கோணும், நடக்கோணும், நிமிர்ந்து பாக்கக் கூடாது. அதுதான் எனக்குத் தெரிஞ்ச புத்தர். இவை வேற ஆக்கள், இவையும் எங்களைப்போல ஓடி வந்த சனம் எண்டு மண்டைக்குத் தெரியுது. காலுக்குத் தெரியேல்லை.

அந்த நேரம் பாத்து அவையின்ர பூசை தொடங்கிச்சுது. சிவப்பு உடுப்புப் போட்ட சாமிமார் வரிசையா இருந்து ஓதினம். ரெண்டு பேர் நீட்டுக் குழல் ஒண்டு வைச்சிருந்தவை, நிலத்தில முட்டுற நீளம். அதை ஊதிச்சினம்.

அந்தச் சத்தம் காதுக்கு வாறதில்லை, பிள்ளை. நிலத்துக்கால வந்து வயித்துக்குள்ள ஏறும். பொம்பர் பதிஞ்சு வரேக்க அப்பிடித்தான் வரும். குண்டு போடுற விமானத்தை நாங்கள் பொம்பர் எண்டுறது. என்ன செய்தன் எண்டு எனக்கே தெரியாது. கண்ணைத் திறந்தா நான் நிலத்தில குப்புறக் கிடக்கிறன். நெத்தி தரையில, கை ரெண்டும் தலைக்கு மேல.

பேந்து பிரதாப்பின்ர குரல் கேக்குது. "பாருங்க மேடம், இதுதான் இவங்களோட முறை, உடம்பு முழுசும் தரையில படுற மாதிரி விழுந்து கும்பிடறது. அக்கா சொல்லாமலே செஞ்சுட்டாங்க." எனக்குப் பக்கத்தில தொப்பெண்டு ஒரு சத்தம். கோமதி அக்காவும் விழுந்து கும்பிடுறா. பிறகு வளர்மதி. பிறகு எல்லாரும். என்ர பற்கள் அடிச்சுக்கொண்டிருக்கு, அவை என்ர பக்தியைப் பாத்து வரிசையா விழுகினம். எழும்பி நிண்டு சேலையைத் தட்டினன். கோமதி அக்கா என்ர தோளைப் பிடிச்சுக்கொண்டே வெளியில வந்தா. விடேல்லை. எனக்கு அது எரிச்சலாயும் இருந்திச்சுது.

மத்தியானம் சாப்பாட்டுக்கு ஒரு வீடு. அந்த வீட்டுக்காரி பேர் பெமா. என்னைவிட கொஞ்சம் மூத்தவ. நீட்டுச் சட்டை, முன்னால கோடு கோடா ஒரு ஏப்ரன், கலியாணம் கட்டினவைதான் அதைக் கட்டுவினமாம். நாங்கள் விறாந்தையில பாய் மாதிரி விரிச்ச கம்பளத்தில இருக்கிறம், சுவரில அவையின்ர சாமியாரின்ர படம், கீழ ஏழெட்டுக் கிண்ணத்தில தண்ணி. அவ வாயைத் திறந்து, "வாங்க, உக்காருங்க, எல்லாம் ஈரோடா?" எண்டா. தமிழ்! மாரிகாலத்தில ஈரோட்டுக்கு வந்து பஸ் ஸ்டாண்டுப் பக்கம் ஸ்வெட்டர் விக்கிறவவாம். எல்லாருக்கும் பெரிய சந்தோசம்.

"என்ன வேணாலும் கேளுங்க" எண்டான் பிரதாப். வளர்மதிதான் கேட்டவள், "எப்பங்க உங்க ஊருக்குத் திரும்பிப் போவீங்க?"

பெமா சிரிச்சா. "எந்த ஊர்? நான் இங்கதான் பிறந்தேன். இந்த ரோட்டுக்கு அந்தப் பக்கம்."

"அப்ப நீங்க அகதி இல்லீங்களே."

"அப்பா அகதி. நான் கார்டுல அகதி. ஸ்வெட்டர் விக்க வெளியூர் போகணும்னா பேப்பர் வாங்கணும், அந்தக் கார்டைப் புதுப்பிக்கணும்." சொல்லிக்கொண்டே கிண்ணத்தில உப்புத் தேத்தண்ணி ஊத்துறா. வெண்ணெய் போட்டுக் கடைஞ்ச தேத்தண்ணி. நான் அவ சொல்லுறதையே கேட்டுக்கொண்டிருந்தனா, எனக்கு ஊத்த வந்ததைக் காணேல்லை. கிண்ணம் நிறையப் போகுது. "ஐயோ, காணும், காணும்" எண்டுட்டன்.

பெமாவின்ர கை நிண்டுது. நீங்கள் 'போதும்' எண்டுவீங்கள். நாங்கள் 'காணும்'. அவ என்ர முகத்தை உத்துப் பாத்து, எல்லாருக்கும் கேக்க, சந்தோசமாக் கேக்கிறா, "நீங்க சிலோனா?"

நீங்களே சொல்லுங்கோ பிள்ளை, அப்பிடிக் கேக்கலாமோ? ஒரு ஆளை, நாலு சனத்துக்கு முன்னால? அவவும் கார்டு வைச்சிருக்கிற மனுசிதானே, தெரிய வேண்டாமோ? "ஸ்வெட்டர் போட்டுப் பார்த்துட்டு உங்க ஆளுங்க சொல்லுவாங்க, காணும் காணும்னு" எண்டு இன்னும் சிரிக்கிறா.

"அவ ராமேஸ்வரமுங்க" எண்டா கோமதி அக்கா. டக்கெண்டு. மற்றவை எல்லாரும் கிண்ணத்துக்குள்ள பாத்துக்கொண்டிருந்தவை. எனக்கு அப்ப அது ஒண்டும் விளங்கேல்லை.

அந்த நேரத்திலதான் வாசல்ல ஒரு ஜீப் நிண்ட சத்தம். ரெண்டு பொலிஸ். ஒருத்தர் உள்ளுக்க வந்து பிரதாப்போட கன்னடத்தில பேசினார். பேந்து பிரதாப் சொல்லித்தான் விளங்கிச்சுது, ஆரோ ஒரு வெளிநாட்டு ஆள் அனுமதி இல்லாம இந்தத் தெருவில தங்கியிருக்கிறதாத் தகவலாம். அதுக்காக வீடு வீடாப் பாக்கினமாம். பிரதாப் எங்களைப் பாத்து, "ஒண்ணுமில்ல மேடம், எல்லாரும் ஆதார் மட்டும் எடுத்து வையுங்க" எண்டான்.

பெமா எழும்பி நிண்டா, பிள்ளை. பொலிஸைக் கண்ட உடன. நீங்கள் அதைப் பாத்திருந்தா மரியாதைக்கு எழும்பினா எண்டு நினைப்பீங்கள். தோளை ஒடுக்கி, கையை முன்னால கட்டி, சிரிப்பை முகத்தில அப்பிடியே விட்டுப்போட்டு எழும்பிறது. நாங்களும் அப்பிடித்தான் எழும்பிறது. அவ திரும்பி என்னைப் பாத்தா. நான் நெஞ்சில கையை வைச்சுக்கொண்டு இருக்கிறன். என்ன கண்டாவோ தெரியாது. "ஏய், மாவு காயுது, எவ்ளோ நேரம் உக்காந்திருப்ப, உள்ள வா" எண்டு என்னை அதட்டினா. என்ர கையைப் பிடிச்சு இழுத்துக்கொண்டு குசினிக்குள்ள போயிட்டா. தன்ர ஏப்ரனை அவிட்டு எனக்குக் கட்டி, என்ர கையில மாவு உருண்டையைத் தந்து, "பண்ணு" எண்டா. மோமோ எண்டு எங்கட கொழுக்கட்டை மாதிரி ஒண்டு. அவ மடிக்கிற மாதிரி நானும் மடிச்சன். ஒண்டும் மடியேல்லை. எல்லாம் வாயைப் பிளந்துகொண்டு இருந்திச்சுது.

விறாந்தையில பிரதாப் கார்டு வாங்கிறது கேக்குது. ஒவ்வொருத்தியும் பேர் சொல்லுறாள். பேந்து பொலிஸ் ஏதோ கேட்டார். பிரதாப் தமிழில, "மேடம், வேன்ல ஒருத்தர் கூட வந்தாங்களே" எண்டு இழுத்தான்.

கோமதி அக்காவின்ர குரல். "அவ வரலீங்க. தலைவலின்னு மைசூர்லயே படுத்துட்டா."

கோயில்ல நான் விழுந்ததை எல்லாருக்கும் காட்டினவன் பிரதாப். அவனும், "ஆமா சார்" எண்டான்.

பொலிஸ் குசினி வாசலுக்கு வந்தார். நான் குனிஞ்ச தலை நிமிரேல்லை. அவரின்ர கால் சப்பாத்து மட்டும் தெரியுது. கன்னடத்தில என்னவோ கேட்டார். பெமா என்னவோ சொன்னா, சிரிச்சுச் சிரிச்சு. அவவின்ர கையில இருந்த கரண்டி அண்டாவில தட்டிக்கொண்டே இருந்திச்சுது, கிடுகிடு எண்டு. அவ அதைக் கீழ வைக்கேல்லை. வைக்கேலாம நிண்டா எண்டு இப்ப நினைக்கிறன். அவர் ஒரு மோமோவை எடுத்து வாயில போட்டுக்கொண்டு போயிட்டார்.

ஜீப் போன பிறகு பெமா நிலத்தில இருந்திட்டா. ஒரு செம்புத் தண்ணி முழுக்கக் குடிச்சா. நான் கேட்டன், அவருக்கு என்ன சொன்னீங்கள் எண்டு. "வீட்டு வேலைக்கு வந்த பொண்ணுன்னு சொன்னேன். ஊமைன்னு சொன்னேன்." எனக்குக் கோவம் வந்திட்டுது, பிள்ளை. வேலைக்காரியாம். ஊமையாம். இவ்வளவுக்கும் அவதானே அப்பிடிக் கேட்டுத் தொடக்கினவ. நான் ஏப்ரனை அவிட்டு அவவின்ர மடியில போட்டுப்போட்டு வந்திட்டன். போகேக்க எல்லாருக்கும் வெள்ளைத் துண்டு போட்டு விட்டவ, அது அவையின்ர வழக்கமாம். எனக்குப் போடேக்க அவவின்ர கை ரெண்டும் ஐஸா இருந்திச்சுது. நான் முகத்தைப் பாக்கேல்லை. நன்றியும் சொல்லேல்லை. எதுக்குச் சொல்லோணும்?

வேனில திரும்பி மைசூருக்கு வெளிக்கிட்டம். ஹுன்சூர்ல தேத்தண்ணிக்கு நிப்பாட்டினவை. கோமதி அக்கா என்னை மட்டும் ஒரு புளியமரத்தடிக்குக் கூட்டிக்கொண்டு போனா. வேலை போச்சுது எண்டு நினைச்சன்.

"அக்கா, நான் ராமேஸ்வரம்தான். அந்தம்மா சும்மா..." எண்டன்.

"விடு சுகி" எண்டா. சுகிர்தா எண்ட பேரை அவை அப்பிடித்தான் கூப்பிடுறவை. "எனக்குத் தெரியும்."

"என்ன தெரியும்?"

"நீ போன்ல உன்ற பொண்ணுகிட்ட பேசறதுக்கு மொட்டை மாடிக்குப் போவியே, தண்ணித் தொட்டிகிட்ட. அங்க பேசுனா கீழ ஜன்னல்ல அப்படியே கேக்கும், அம்மிணி. நீ சேர்ந்த மாசத்துலயே தெரியும்."

"ஆருக்கு?" எண்டு கேட்டன். என்ர வாயில 'ஆருக்கு' எண்டுதான் வந்திச்சுது.

"எல்லாருக்குந்தான். நீயா சொல்லலை, நாங்களும் கேக்கலை. அனுமதி கினுமதி வேணும்னு மட்டும் தெரியாதே சாமி. தெரிஞ்சிருந்தா உன்னை இழுத்துட்டு வந்திருப்பனா?" அவவின்ர கண் கலங்கிச்சுது.

நிம்மதியா இருந்திருக்கும் எண்டு நினைக்கிறீங்கள், என்ன? இல்லை, பிள்ளை. அப்பதான் எனக்கு உண்மையா நடுங்கிச்சுது. பலகையைக் கண்டதுக்குமில்லை, பொலிஸைக் கண்டதுக்குமில்லை, இதுக்குத்தான். இவ்வளவு காலமும் நான் கதவைச் சாத்திக்கொண்டு உடுப்பு மாத்திறன் எண்டு நினைச்சன், அங்க கதவே இல்லை. எல்லாரும் பாத்துக்கொண்டு இருந்திருக்கினம். வளர்மதி கூடாரம் எண்டு கேட்டாளே, தெரிஞ்சுகொண்டுதான் கேட்டாளோ? நான் பக்கத்தில இருக்கிறது மறந்துபோய்க் கேட்டாளோ? எது பெரிய பயம் எண்டு எனக்கு இண்டைக்கும் தெரியாது.

முகாமில செக்கிங் வரேல்லை. வந்திருந்தா வேற கதை. நான் போனதும் வந்ததும் ஒருத்தருக்கும் தெரியாது.

திங்கக்கிழமை வேலைக்குப் போகாம விடுவம் எண்டு பஸ் ஸ்டாண்டு மட்டும் போய்த் திரும்பினனான். பேந்து அடுத்த பஸ்ஸில ஏறினன். மாடியில எல்லாரும் வழமை மாதிரி. "வா சுகி" எண்டினம். ஒருத்தரும் ஒண்டும் கேக்கேல்லை. அதுதான் தாங்கேலாது. கழுத்து வெட்டின நைட்டி ஒண்டைக் கையில எடுக்கேக்க தர்சிகா போன் அடிக்கிறாள். நான் எழும்பி மாடிப்படிக்குப் போனன். ரெண்டு படி ஏறியிருப்பன். கால் ஏறேல்லை. திரும்பி வந்து என்ர மெசினுக்கு முன்னால இருந்தன். போனை மேசையில வைச்சு ஸ்பீக்கரில போட்டன்.

"அம்மா, ஒரு பிரச்சினையும் இல்லையே?" எண்டு அவள் கேக்கிறது அறை முழுக்கக் கேட்டுது.

"இல்லையடி பிள்ளை. நான் வடிவா வந்து சேர்ந்திட்டன். நீ சாப்பிட்டனியோ? அங்க ஒருத்தி எனக்கு உப்புத் தேத்தண்ணி தந்தவ, வாயில வைக்கேலாது. வந்து சொல்லுறன்." என்ர குரல் எனக்கே ஆரோ கதைக்கிற மாதிரி இருந்திச்சுது. மெசின் எல்லாம் நிண்டிட்டுது. ஒரு மெசினும் ஓடேல்லை. தர்சிகா என்னென்னவோ கேட்டாள், நான் ஒவ்வொண்டுக்கும் பதில் சொன்னன், சத்தமா, எங்கட தமிழில. பேந்து போனை வைச்சன்.

நைட்டியை ஊசிக்குக் கீழ வைச்சு மிதிக்கப் பாத்தன், கால் மிதிக்கேல்லை. அப்ப எங்கயோ ஒரு மெசின் ஓடத் தொடங்கிச்சுது. பேந்து இன்னொண்டு. பேந்து எல்லாம். முதல் ஓடினது ஆரின்ர மெசின் எண்டு கேக்கிறீங்களோ? எனக்குத் தெரியாது, பிள்ளை. நான் நிமிர்ந்து பாக்கேல்லை.